மீன் காசு, விதைக் காசு

ஸ்டார்டூ வேலி என்ற பண்ணை வீடியோ விளையாட்டைப் பற்றிக் கேள்வி அனுப்பச் சொன்னதும், வந்த கடிதங்களில் பெரும்பகுதி தூண்டிலும் துட்டுமாகவே இருக்கிறது. வங்கியில் பயிர்க்கடன் மேசையிலேயே காலம் தள்ளி ஓய்வு பெற்றவளிடம் கேட்க வேண்டிய கேள்விகள்தான். 2016 பிப்ரவரியில் எரிக் பரோன் தனி ஆளாக உருவாக்கி வெளியிட்ட விளையாட்டு இது. தாத்தாவின் நிலம் கிடைக்கிறது, கையில் 500 கோல்டும் (அங்கே அதுதான் பணம்) கிடைக்கிறது. ஆனால் பெலிக்கன் டவுன் என்ற அந்த ஊர் முழுக்கத் தேடினாலும் கடன் கொடுக்க ஓர் ஆள் இல்லை. அந்த இடத்தைத்தான் மீன் நிரப்புகிறது. சரி, கேள்விகளுக்குப் போவோம்.

வசந்தத்தின் முதல் வாரம். பார்ஸ்னிப் விதைத்துவிட்டுக் கையில் காசில்லாமல் நிற்கிறேன். மீன் பிடித்தால் காசு வரும் என்கிறார்கள். கடலில் போட்டால் மத்தியும் குப்பையும்தான் வருகிறது. எங்கே போடுவது?
– கல்லூரி மாணவர், தஞ்சாவூர்

கடலை விட்டுவிட்டு மலை ஏரிக்குப் போங்கள், தச்சர் ராபின் வீட்டுப் பக்கம். வசந்தத்தில் கடலில் நல்ல மீன் இல்லாமலில்லை. ஆனால் 40 கோல்டு மத்திக்கும் 30 கோல்டு நெத்திலிக்கும் நடுவில்தான் அதைத் தேட வேண்டும். ஏரியில் லார்ஜ்மவுத் பாஸ் 100, புல்ஹெட் 75, சப் 50. மட்டம் என்றால் கார்ப், 30. பாஸ் காலை 6 மணியிலிருந்து இரவு 7 வரைதான் கிடைக்கும். 7 அடித்ததும் கிளம்பிவிடலாம்.

பார்ஸ்னிப் கணக்கையும் பாருங்கள். விதை 20, விளைந்தால் 35, நான்கு நாள் காத்திருப்பு. லாபம் 15. ஒரு பாஸ் கிட்டத்தட்ட ஏழு பார்ஸ்னிப்பின் லாபம், முதலீடு பூஜ்யம். இரண்டாம் நாள் மீன் கடைக்காரர் வில்லியின் கடிதம் கண்டு கடற்கரைக்குப் போனால் மூங்கில் தூண்டிலை அவரே இலவசமாகத் தருகிறார். செலவாவது உங்கள் தெம்பு மட்டும்தான். நாளுக்கு 270, ஒரு வீச்சுக்கு 8. காலையில் பெரிய பாத்தி போட்டுத் தண்ணீர் ஊற்றியே பாதியைத் தீர்த்துவிட்டால் ஏரிக்கரையில் வேடிக்கைதான் பார்க்கலாம். முதல் வாரம் பாத்தியைச் சிறிதாகவே வைத்துக்கொள்ளுங்கள்.

மாட்டிய மீன் நழுவுகிறது என்று கடிதத்தின் கீழே எழுதியிருக்கிறீர்கள். மீன் மாட்டியதும் திரையில் ஒரு பச்சைப் பட்டை வரும், மீனை அதற்குள்ளேயே வைத்திருக்க வேண்டும். அந்தப் பட்டையை விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தால் நழுவத்தான் செய்யும். மீன் மேலே பாயும்போது பட்டை அதைத் தாண்டி உச்சியில் முட்டி நிற்கும், அதற்குள் மீன் கீழே வந்துவிடும். டக், டக், டக்கென்று சின்னத் தட்டாகத் தட்டிப் பட்டையை நடுவில் மிதக்கவிடுங்கள். மீன் அடியில் கிடந்தால் பட்டையைத் தொப்பென்று விழவிடாதீர்கள், தரையில் மோதி எகிறும். அப்படியும் வரவில்லையா? வில்லியிடம் 25 கோல்டுக்குப் பயிற்சித் தூண்டில் இருக்கிறது. பட்டை பெரிதாக இருக்கும், ஆனால் அதில் பாஸ் மாட்டாது. கார்ப், சப் பிடித்துக் கை பழகியதும் பெட்டியில் போட்டுவிடுங்கள்.

தூண்டிலைக் கரையோரத்தில் போடாமல் முழு வீச்சில் ஆழத்துக்கு எறியுங்கள். மீனின் தரம் கூடும். வெள்ளித் தரத்துக்குக் கால் பங்கும் தங்கத் தரத்துக்கு அரைப் பங்கும் விலை ஏறும்.

கையில் 2000 சேர்ந்துவிட்டது. 1800 கொடுத்து ஃபைபர்கிளாஸ் தூண்டில் வாங்கவா, 2000 கொடுத்துப் பையைப் பெரிதாக்கவா, முட்டைத் திருவிழாவில் ஸ்ட்ராபெரி விதை வாங்கவா?
– வாசகி, திண்டுக்கல்

விளையாட்டில் இன்று வசந்தம் என்ன தேதி என்று எழுதவில்லையே அம்மா! என் பதில் முழுக்கத் தேதியைப் பொறுத்தது.

5, 6 தேதி என்றால் தூண்டில். மீன்பிடித் திறன் இரண்டாம் நிலைக்கு வந்திருந்தால்தான் வில்லி விற்பார். அதில் இரை மாட்டலாம், மூங்கிலில் மாட்ட முடியாது. இரை ஒன்று 5 கோல்டு, மீன் கடிக்கக் காத்திருக்கும் நேரம் பாதியாகிவிடும். திருவிழாவுக்கு முன் ஒரு வாரம் இருந்தால் தூண்டில் போட்ட காசைத் திருப்பிக் கொடுத்துவிடும்.

10 தேதி தாண்டிவிட்டதா? காசைத் தொடாதீர்கள். 13ஆம் தேதி திருவிழாவில் ஸ்ட்ராபெரி விதை 100. அன்றைக்கே நட்டால் 21ஆம் தேதி ஒரு பறிப்பு, 25ஆம் தேதி இன்னொன்று. பழம் 120 வீதம், 100 போட்டு 240. மறுநாள் நட்டாலும் இரண்டு பறிப்பு கிடைக்கும், ஆனால் முதல் பணம் ஒரு நாள் தள்ளிப் போகும். அன்றைக்கே நட ஒரு வேலை செய்ய வேண்டும். திருவிழா முடிந்து வீடு திரும்பும்போது மணி இரவு 10 ஆகிவிடும், இருட்டில் மண்வெட்டியோடு அல்லாட முடியாது. 13ஆம் தேதி காலையிலேயே வாங்கப்போகும் விதைக் கணக்குக்கு மண்ணைக் கொத்தி, தண்ணீரும் ஊற்றிவிட்டுக் கிளம்புங்கள். ராத்திரி வந்து விதையைப் போட்டுவிட்டுப் படுக்கலாம். வாய்க்காலை வெட்டாமல் கடன் பணத்தை வாங்கி வைத்துக்கொண்டு உட்காருபவர்களை நிறையப் பார்த்தவள் என்பதால் அழுத்திச் சொல்கிறேன்.

பைக்கு அவசரமில்லை. 50 மரக்கட்டையில் ஒரு பெட்டி செய்து ஏரிக்கரையிலேயே வைத்துவிடுங்கள். ஒரே மீன் தரம் மாறினால் தனி இடம் பிடிக்கும் தொல்லைக்கு அது போதும்.

மழை நாளில் மீன் பிடிப்பது லாபம் என்கிறார்களே, என்ன வித்தியாசம்?
– வாசகர், ஈரோடு

இரண்டு காரணம். ஒன்று, பயிருக்கு மழையே தண்ணீர் ஊற்றிவிடுகிறது. உங்கள் 270 தெம்பும் தூண்டிலுக்கே. இரண்டு, கேட்ஃபிஷ். வசந்தத்திலும் இலையுதிர் காலத்திலும் மழை பெய்தால்தான் ஆற்றில் வரும், விலை 200. கடலில் மாலை 4 மணிக்கு மேல் விலாங்கு, 85. இலையுதிர் கால மழையில் நண்பகலிலிருந்து ஆற்றில் வால்ஐ (Walleye) மீன் 105. தினமும் படுக்கும் முன் டிவியில் வானிலை பார்ப்பதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள். நாளைக்கு மழை என்றால் இன்றே இரை வாங்கி வைத்துவிடலாம்.

முதல் வருடம் வசந்தம் 3ஆம் தேதி எப்போதும் மழைதான். அதைப் பார்த்துவிட்டு ஆற்றுக்கு ஓடாதீர்கள். அந்த நிலையில் கேட்ஃபிஷ் உங்களைப் பந்தாடிவிடும். நாலு நிலை ஏறிய பிறகு அதைத் தேடினால் போதும். கோடையில் 13, 26 இரண்டும் கட்டாய இடிமழை நாட்கள். ஆனால் கோடை ஆற்றில் கேட்ஃபிஷ் இல்லை, ரகசியக் காட்டுக் குளத்தில்தான். குளிர்காலத்தில் மழையே கிடையாது.

மீன்பிடித் திறன் ஐந்தாம் நிலையில் தேர்ந்தெடுக்க வேண்டிய தொழில் ஃபிஷரா, டிராப்பரா?
– மாணவி, நாகர்கோவில்

ஃபிஷர். எல்லா மீனுக்கும் கால் பங்கு அதிகம். பத்தாம் நிலையில் ஆங்லர் எடுத்தால் அது அரைப் பங்கு. தங்கத் தரக் கேட்ஃபிஷ் 300, ஃபிஷருக்கு 375, ஆங்லருக்கு 450. நண்டுக்கூண்டு வைத்துப் பிழைப்பவர் மட்டும் டிராப்பர் பக்கம் போகட்டும்.

கோடையில் நாள் முழுக்க மீன் பிடித்தே பண்ணையை ஓட்டலாமா? தோட்ட வேலை எனக்குச் சலிப்பு.
– ஐ.டி. ஊழியர், சென்னை

ஓட்டலாம். மலை ஏரியில் காலை 6 முதல் இரவு 7 வரை ஸ்டர்ஜன், 200. அப்புறம் அப்படியே கடற்கரைக்கு இறங்கினால் மாலை 6 முதல் நள்ளிரவு தாண்டியும் சூப்பர் கியூகம்பர், 250. வெயில் நாளாக இருந்தால் நடுவில் 12 மணியிலிருந்து 4 வரை கடலில் பஃபர்ஃபிஷ், அதுவும் 200. மூன்றுமே முரட்டு ஆசாமிகள். ஆறாம் நிலைக்கு மேல் 7500 கொடுத்து இரிடியம் தூண்டில் வாங்கி, அதில் டிராப் பாபர் என்ற துணைக்கருவியை மாட்டினால்தான் பிடி கிடைக்கும். ராத்திரி 2 மணிக்குள் வீட்டுக்கு வந்து படுத்துவிடுங்கள். வழியில் மயங்கி விழுந்தால் கையிருப்பில் 1000 கோல்டு வரை பறிபோகலாம்.

ஆனால் என்னிடம் கடன் மனு வந்திருந்தால் இதற்குக் கையெழுத்துப் போட்டிருக்க மாட்டேன். தூண்டில் வருமானம் நீங்கள் கரையில் நிற்கும் வரைதான். புளூபெரி விதை 80, 13 நாளில் காய்த்து, பிறகு நான்கு நாளுக்கு ஒரு முறை செடிக்கு மூன்று பழம், பழம் 50. தண்ணீர் ஊற்றும் வேலைக்கு ஸ்பிரிங்க்ளர் வந்துவிட்டால் நீங்கள் தூங்கும்போதும் அது வளர்கிறது. என் முறை இதுதான்: அடுத்த பருவ விதைக்கான காசு சேரும் வரை மீன், சேர்ந்ததும் தூண்டிலைச் சுவரில் சாய்த்துவிடுவது. சலிப்பென்றால் விதை போடும் முதல் நாள் மட்டும் பல்லைக் கடித்துக்கொள்ளுங்கள்.

குளிர்காலத்தில் பயிர் இல்லை. மீன்தான் கதி. எங்கள் வீட்டுப் பையன் இரவுச் சந்தையின் நீர்மூழ்கியில் போக 1000 கேட்கிறான். கொடுக்கலாமா?
– இல்லத்தரசி, மதுரை

இரவுச் சந்தை குளிர்காலம் 15 முதல் 17 வரை. நீர்மூழ்கியில் ஒரு தடவை இறங்க 1000. கீழே ப்ளாப்ஃபிஷ் 500, ஸ்பூக் ஃபிஷ் 220, மிட்நைட் ஸ்குவிட் 100. திறமை இருந்தால் காசு திரும்பிவிடும். இல்லாவிட்டாலும் வேறெங்கும் சுலபமாகக் கிடைக்காத மூன்று மீனைப் பிடித்துப் பார்த்த கணக்கு. ஒரு முறை கொடுங்கள், மூன்று இரவும் வேண்டாம்.

மற்ற நாட்களில் ஆற்றிலும் ஏரியிலும் லிங்கோட் 120, ஏரியில் பகலுக்கு மறுபடி ஸ்டர்ஜன், இரவு 10க்கு மேல் மிட்நைட் கார்ப் 150. கடலுக்குப் போனால் பகலில் டூனா 100, மாலை 6க்கு மேல் கணவாய் 80. சமையலறை கட்டியாகிவிட்டதென்றால் மட்ட மீனை அப்படியே விற்காதீர்கள். கூடாரத்து லைனஸோடு மூன்று இதயம் நட்பு சேர்ந்தால் சஷிமி என்ற பச்சை மீன் உணவின் செய்முறை அனுப்புவார். எந்த மீனைப் போட்டாலும் சஷிமி 75. முப்பது கோல்டு கார்ப்புக்கு இதைவிட மரியாதை கிடையாது. விலை கூடிய மீனுக்கு 2024இல் வந்த 1.6 பதிப்பின் புகைப்பெட்டி இருக்கிறது. ஒரு கரி போட்டால் மீன் இரட்டை விலை. செய்முறைக்கே வில்லி 10,000 கேட்பார், ஆகவே முதல் குளிர்காலத்துக்கு இது கொஞ்சம் அதிகம்.

பிடித்த மீனை எல்லாம் அன்றன்றே விற்றுவிடலாமா?
– வாசகர், சேலம்

விற்கலாம். வில்லி காலை 9 முதல் 5 வரை ரொக்கம் தருவார், மழை இல்லாத சனிக்கிழமை கடை கிடையாது. வீட்டு விற்பனைப் பெட்டியில் போட்டால் அதே விலை, மறுநாள் காலை. ஆனால் ஒவ்வொரு வகையிலும் ஒன்றைப் பெட்டியில் எடுத்து வையுங்கள், வருடக் கணக்கில் வைத்தாலும் நாறாது. சமூக மையம் (பொருள் கொடுத்துச் சீராக்க வேண்டிய ஊர்க் கட்டிடம்) சன்ஃபிஷ், ஷாட், கேட்ஃபிஷ், டைகர் டிரவுட், ஸ்டர்ஜன், விலாங்கு என்று கேட்டுக்கொண்டே இருக்கும். பருவம் போனால் பல மீனுக்கு அடுத்த வருடம் வரை காத்திருக்க வேண்டியதுதான். ஸ்டர்ஜனில் மட்டும் இரண்டு வைத்துக்கொள்ளுங்கள். ஒன்று சமூக மையத்துக்கு. இன்னொன்றை ராபின் 5000க்குக் கட்டித்தரும் மீன்குளத்தில் விட்டால் குட்டி போட்டு, முட்டையும் தரும். அந்த முட்டையை ஊறுகாய் ஜாடியில் போட்டால் கேவியர், 500.