பிந்திக் கொடுத்த மேன்முறையீட்டை நீதிமன்றம் ஏற்குமா?

கேள்வி: ஐயா, எங்கள் குடியிருப்புக் காணி வழக்கில் மாவட்ட நீதிமன்றம் ஒரு திங்கட்கிழமை எமக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. அந்தக் கிழமையே மழை பிடித்து, குளம் வான்பாய்ந்து, பாதை அடைபட்டுவிட்டது. அம்மாவும் வைத்தியசாலையில் இருந்தார். 21ஆம் நாள்தான் மேன்முறையீட்டு அறிவித்தலைக் கொடுக்க முடிந்தது. காலம் கடந்துவிட்டதென எதிர்த்தரப்பு ஆட்சேபிக்கிறது. தகுந்த காரணம் காட்டினால் தாமதம் மன்னிக்கப்படும் என்று தமிழ்நாட்டுச் சஞ்சிகையொன்றில் வாசித்தேன். அது எமக்கும் பொருந்துமா?
- வாசகர், ஒட்டுசுட்டான்

பதில்: நீங்கள் வாசித்தது இந்தியாவின் 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 5ஆம் பிரிவைப் பற்றியது. போதிய காரணம் இருந்தால் பிந்திய மேன்முறையீட்டை ஏற்க அங்குள்ள நீதிமன்றங்களுக்கு அது அதிகாரம் அளிக்கிறது. இலங்கையில் எமது குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையில் மேன்முறையீட்டுக்கு அப்படியொரு பிரிவு இல்லை. அதை நம்பி இருந்து காணியை இழந்தவர்களை நான் கண்டிருப்பதால், இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

முதலில் நாட்களைச் சரியாக எண்ணுவோம். எமது சட்டக்கோவையின் 754(4)ஆம் பிரிவின்படி, மேன்முறையீடு செய்யப்போவதைத் தெரிவிக்கும் அறிவித்தலுக்கு 14 நாட்கள் உண்டு. தீர்ப்பு நாள், அறிவித்தல் கொடுக்கும் நாள், ஞாயிற்றுக்கிழமைகள், பொது விடுமுறைகள் ஆகியவை கணக்கில் சேரா, ஆனால் சனிக்கிழமை சேரும். உங்கள் விடயத்தில் இடைப்பட்ட 20 நாட்களில் ஞாயிறு மூன்று. கிழமை நாளொன்றில் பௌர்ணமி விடுமுறையும் வந்திருந்தால் மிஞ்சுவது 16. ஏழு நாள் தாமதம்போலத் தோன்றியது உண்மையில் இரண்டு நாள்தான். எனினும் அந்த இரண்டு நாளையும் மன்னிக்க வழியில்லை. மேன்முறையீட்டில் நேர்ந்த தவறு, விடுபாடு, குறைபாடு ஆகியவற்றுக்கு, எதிர்த்தரப்புக்குப் பாரதூரமான பாதிப்பு ஏற்படவில்லை எனக் கண்டால் நிவாரணம் அளிக்க 759(2)ஆம் பிரிவு இடந்தருகிறது. ஆயினும் காலத்தை வரையறுக்கும் ஏற்பாடுகளை அதே பிரிவு வெளிப்படையாக விலக்கிவிடுகிறது. கொரோனாக் காலத்தில் தவறிய தவணைகளுக்கு நிவாரணம் வழங்க 2021ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கச் சட்டத்தைப் பாராளுமன்றம் தனியாக இயற்ற வேண்டியிருந்ததே இந்தக் கண்டிப்புக்குச் சான்று. போர்க்காலத்தைக் கழித்துக் கணக்கிட இடமளித்த 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டத்தையும் வன்னியில் பலர் இதனுடன் குழப்பிக்கொள்கிறார்கள்; அது காணியை நெடுங்காலம் ஆண்டவர் உரிமை கோரும் ஆட்சியுரிமைக் காலத்தைப் பற்றியதேயன்றி மேன்முறையீட்டுத் தவணையைப் பற்றியதன்று.

ஆனால் உங்கள் வழி முற்றாக அடைபடவில்லை. குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்துக்கு மீளாய்வு அதிகாரமும், அதாவது மேன்முறையீடு இல்லாமலேயே கீழ் நீதிமன்றத்தின் தீர்ப்பைப் பரிசீலித்துத் திருத்தும் அதிகாரமும் உண்டு. மீளாய்வு மனுவுக்குச் சட்டம் நாட்கணக்கு விதிக்கவில்லை என்றாலும், விளக்கமற்ற தாமதம் மனுவைக் கெடுத்துவிடும். மழையும் அம்மாவின் நோயும் உண்மையாகப் பயன்படப்போவது இந்த இடத்தில்தான். பாதை அடைபட்ட நாட்களைக் குறிப்பிடும் கிராம சேவையாளரின் கடிதம், வைத்தியசாலையில் சேர்ந்த, வெளியேறிய திகதிகளைக் காட்டும் அட்டை, வழக்கேட்டின் சான்றுப்படுத்திய பிரதி ஆகியவற்றைச் சத்தியக் கடதாசியுடன் இணையுங்கள். அதைவிடக் கடினமான பகுதி வேறொன்று: மேன்முறையீட்டு உரிமை இருந்தும் அதைப் பயன்படுத்தாதவர் விசேட சூழ்நிலை இருப்பதைக் காட்டியே ஆகவேண்டும். தீர்ப்புப் பிழை என்று சொன்னால் மட்டும் போதாது. உதாரணமாக, காணி உறுதியையே நீதிமன்றம் கவனிக்காமல் விட்டது போன்ற, நீதி தவறியதைப் பார்த்தவுடன் உணர்த்தும் ஒன்று வேண்டும்.

நீங்கள் வழக்குக்குச் சமுகமளிக்காததால் ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பு வழங்கப்பட்டிருந்தால் நிலைமை வேறு. அப்போது தீர்ப்பாணை உங்களுக்குச் சேர்ப்பிக்கப்பட்டதிலிருந்து 14 நாட்களுக்குள், வராமைக்கு நியாயமான காரணம் காட்டி, அதே நீதிமன்றத்திலேயே அதை நீக்கக் கோரலாம்.

அறிவித்தலை நேரத்துக்குக் கொடுத்த வாசகர்களும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். மேன்முறையீட்டு மனுவுக்கான 60 நாட்கள் அறிவித்தல் நாளிலிருந்து அல்ல, தீர்ப்பு நாளிலிருந்தே ஓடும். ஞாயிறும் அதில் சேரும். கடைசி நாளில் நீதிமன்றம் மூடியிருந்தால் மட்டும் அடுத்த வேலைநாளில் தாக்கல் செய்யலாம்.

உங்கள் சட்டத்தரணியை இந்தக் கிழமையே சந்தியுங்கள். காணியிலிருந்து வெளியேற்றும் ஆணையை எதிர்த்தரப்பு பெறக்கூடும் என்பதால், மீளாய்வு மனுவிலேயே தீர்ப்பாணை நிறைவேற்றத்துக்கு இடைக்காலத் தடையையும் சேர்த்துக் கோரச் சொல்லுங்கள்.