அரச காணியில் கட்டியவர்களுக்கு நோட்டீஸ் வந்தால்: கேள்வி பதில்

காணிப் பிரச்சினை எதுவானாலும் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்ததில் பாதிக்கு மேல் வெளியேற்ற நோட்டீஸ் பற்றியது. கடதாசியைப் பார்க்காமல் சொல்கிறேன், ஆகவே வழக்கு என்று வந்தால் சட்டத்தரணி ஒருவரைப் பிடியுங்கள். வசதி இல்லாவிட்டால் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது.

அண்ணை, ஏ9 ஓரத்தில் தகரக் கொட்டிலாக இருந்த கடையைக் கல்லால் கட்டினேன். இப்போது முப்பது நாளில் எழும்பச் சொல்லி நோட்டீஸ். என்னைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்கவில்லையே, இது செல்லுமா? (கிளிநொச்சி)

செல்லும் தம்பி. 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீளப்பெறல்) சட்டத்தின் கீழ் வந்த நோட்டீஸ் என்றால், அதை அனுப்புவதற்கு முன் விசாரணை வைக்கத் தேவையில்லை என்று பின்னர் திருத்தமே கொண்டுவந்துவிட்டார்கள். இது அரச காணி, நீங்கள் அனுமதியில்லாமல் இருக்கிறீர்கள் என்று தகுதிவாய்ந்த அதிகாரி, அதாவது அந்தக் காணிக்குப் பொறுப்பான அரச அதிகாரி, கருதினால் போதும். எனக்கு இந்தச் சட்டத்தில் ஆகப் பிடிக்காத இடம் இதுதான். ஒரு குடும்பத்தை எழுப்ப ஒரு ஆளின் கருத்துப் போதும் என்கிறது, அதுவும் அந்தக் குடும்பத்தின் பக்கத்தைக் கேட்காமலே. அதற்காக நோட்டீஸைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். கடைசிப் பக்கத்தில் அட்டவணை இருக்கும், நான்கு எல்லையும் அதில் எழுதியிருக்கும். உங்கள் கடை நிற்கிற துண்டுதானா அது என்று ஒருக்கா நடந்து பாருங்கள். வடக்கே வீதி என்று போட்டிருக்க உங்களுக்கு வடக்கே வாய்க்கால் ஓடினால், சட்டத்தரணியிடம் முதலில் சொல்ல வேண்டியது அதைத்தான்.

சரி, கோர்ட்டிலாவது கேட்பார்களா? விதானையாரின் (கிராம சேவையாளரின்) கடிதம், கரண்ட் பில், வாக்காளர் இடாப்பு எல்லாம் இருக்கிறது. (ஒட்டுசுட்டான்)

நீங்கள் எழும்பாவிட்டால் நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பம் போடுவார்கள், காரணம் காட்டச் சொல்லி அழைப்பாணை வரும். அன்றைக்குக் கட்டாயம் போங்கள். ஆனால் அங்கே கேள்வி ஒன்றே ஒன்றுதான்: எழுதப்பட்ட சட்டப்படி அரசு தந்த பெர்மிட்டோ வேறு எழுத்து மூல அதிகாரமோ இருக்கிறதா, அது இப்போதும் செல்லுபடியாகிறதா? அந்த 1979ஆம் ஆண்டுச் சட்டத்தின் 9ஆம் பிரிவு அதற்கு மேல் விடாது. அதிகாரியிடம் ஆதாரம் கேட்கிற அதிகாரம்கூட நீதவானுக்கு இல்லை. கரண்ட் பில் நீங்கள் அங்கே இருப்பதைக் காட்டும், இருக்க உரிமை உண்டு என்று காட்டாது. விதானையாரின் கடிதமும் அப்படித்தான். கட்டளை வந்தால் மேன்முறையீடு கிடையாது. சட்டத்தில் பிழை நடந்திருந்தால், அந்தக் கட்டளையைத் திரும்பப் பார்க்கச் சொல்லி மீளாய்வு மனுப் போடலாம்.

பத்து வருடத்துக்கு மேல் இருக்கிறோம், ஆட்சி உரிமை வராதா?

அரசுக்கு எதிராக வராது. அது தனியார் காணிக்கு.

எங்கள் பெர்மிட் 2009 இடம்பெயர்வில் தொலைந்துவிட்டது. இப்போது பெர்மிட்டே இல்லை என்கிறார்கள். (புதுக்குடியிருப்பு)

அக்கா, உங்களுடையதுதான் இருக்கிறதில் பலமான விஷயம். கடதாசி தொலைந்தால் உரிமை தொலையாது. 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டப்படி தந்த பெர்மிட் என்றால் அலுவலகத்தில் பதிவு இருக்க வேண்டும். 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் பிரதேச செயலகத்துக்கு எழுத்தில் விண்ணப்பித்து, உறுதிப்படுத்திய பிரதி கேளுங்கள். அப்பாவின் பெயர், காணித் துண்டு இலக்கம், காணிக் கச்சேரி (காணி பகிர்ந்து கொடுக்க வைக்கிற கூட்டம்) நடந்த வருடம், தெரிந்ததையெல்லாம் போடுங்கள். அவர்கள் பெர்மிட்டை இரத்துச் செய்தோம் என்றால் இன்னும் நல்லது, ஏனென்றால் அந்தச் சட்டத்தில் முதலில் அறிவித்தல் தர வேண்டும், காரணம் காட்ட வந்தால் விசாரணை வைக்க வேண்டும். அந்த விசாரணை எப்போது நடந்தது, யார் வந்தார்கள் என்று கேளுங்கள். நடக்காமலே இரத்துச் செய்திருந்தால் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் அதுதான் உங்கள் வழக்கு.

எழுத்தாணைக்கு வவுனியா மேல் நீதிமன்றத்தில் போடலாமா?

எழுத்தாணை என்றால் அதிகாரியின் முடிவைச் செல்லாததாக்கச் சொல்லிக் கேட்கிற நீதிமன்றக் கட்டளை. முன்பு அங்கே போட்டார்கள். 2013இல் உயர் நீதிமன்றம் சொலைமுத்து ராசு வழக்கில், அரச காணி நோட்டீஸில் மாகாண மேல் நீதிமன்றத்துக்கு எழுத்தாணை அதிகாரம் இல்லை என்று தீர்த்துவிட்டது. இப்போது கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம்தான். வன்னியிலிருந்து ஒரு தவணைக்குப் போய்வருகிற செலவு அங்கே தீர்ப்பு எழுதுகிறவர்களுக்குத் தெரியுமோ தெரியாது. காணியே உங்களுடையது, உறுதிப்பத்திரம் இருக்கிறது என்றால் வேறு வழி: வெளியேற்றக் கட்டளை வந்து ஆறு மாதத்துக்குள் அரசுக்கு எதிராக உரித்து வழக்குப் போடலாம், வென்றால் நியாயமான நட்டஈடும் கேட்கலாம்.

நாளைக்கே ஜேசிபி கொண்டு வருவோம் என்கிறார்கள், என்ன செய்ய? (மாங்குளம்)

நான் முதலில் சொன்ன 1979ஆம் ஆண்டுச் சட்டப்படி என்றால் நீதவானின் கட்டளை இல்லாமல் உங்களை வெளியேற்ற முடியாது. கட்டளையைக் காட்டச் சொல்லுங்கள், வழக்கு இலக்கத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். வீதிக்காரர், வன இலாகா, நகர அபிவிருத்தி என்று வேறு ஆட்கள் வந்தால் அவரவர் சட்டம் வேறு, எந்தச் சட்டத்தில் எந்தப் பிரிவு என்று எழுத்தில் வாங்குங்கள். மறித்துச் சண்டைக்குப் போகாதீர்கள், கடமைக்கு இடையூறு என்று இன்னொரு வழக்கு வரும். போனில் படம் எடுத்துவிட்டு நேரே சட்டத்தரணியிடம் போங்கள்.