நாணயங்களுக்கு எண் போடும் பெண்ணை மருத்துவத்துக்குத் தள்ளாதீர்கள்

அம்மா, நேற்று மகளின் படிப்பு பற்றி என்னிடம் ஆலோசனை கேட்க வந்தபோது உங்கள் கலக்கத்தைப் பார்த்து, "எல்லாம் சரியாகிவிடும்" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். அது போதாது என்று இரவே தோன்றியது. மகள் மருத்துவம் வேண்டாம், அருங்காட்சியகத்தில் வேலை பார்க்கப் போகிறேன் என்கிறாள். "தூசி தட்டுவதற்கா இவ்வளவு மார்க் வாங்கினாள்?" என்று உங்கள் அண்ணன் கேட்கிறார். அவருக்கும் சேர்த்துத்தான் எழுதுகிறேன், படித்துக் காட்டுங்கள்.

அவள் கொண்டுவந்த நோட்டைப் பிரித்துப் பார்த்தீர்களா? தாத்தா விட்டுப்போன நாணயம் ஒவ்வொன்றுக்கும் ஓர் எண், எடை, யாரிடமிருந்து வந்தது, எந்தப் பெட்டியில் இருக்கிறது. யாரும் சொல்லிக்கொடுக்காமல் இதைச் செய்திருக்கிறாள். பெரிய அருங்காட்சியகங்களில் சேகரிப்புப் பதிவாளர் என்று ஒருவர் இருப்பார். அவருடைய வேலையே இதுதான்.

காப்பாட்சியர், பேராசிரியர், அகழாய்வாளர் வழிகளெல்லாம் கேட்டால் யாரும் சொல்வார்கள், விட்டுவிடுகிறேன். பதிவாளரைப் பற்றித்தான் யாரும் பேசுவதில்லை.

ஒரு பொருள் உள்ளே வந்ததும் அதற்குச் சேர்க்கை எண் கொடுக்கிறார்கள். 2024.15.3 என்றால், 2024-இல் வந்த 15-ஆவது வரவில் மூன்றாவது பொருள். அந்த எண்ணை நேராகப் பொருளின் மேல் எழுதிவிட மாட்டார்கள். முதலில் கரைத்து எடுத்துவிடக்கூடிய ஒரு பூச்சு, அதன் மேல் மையால் எண், அதற்கு மேல் இன்னொரு பூச்சு. நாளைக்கு அழிக்க வேண்டி வந்தால் பொருளுக்குக் காயம் படக்கூடாது. அப்புறம், பொருள் வந்த வழி. கலைப்பொருள் கடத்தலைத் தடுக்க 1970-ஆம் ஆண்டு வந்த யுனெஸ்கோ உடன்படிக்கைக்குப் பிறகு, யார் கையிலிருந்து எப்படி வந்தது என்ற ஆவணம் இல்லாத சிலையை வாங்க நல்ல அருங்காட்சியகம் தயங்கும். அந்த ஆவணத்தைக் கேட்டு நிற்பவர்களில் பதிவாளர் முக்கியமானவர். பொருள் இரவலாக வெளியே போனால், ஒவ்வொரு விரிசலையும் கறையையும் குறித்து நிலை அறிக்கை எழுதுவார்கள். போய்ச் சேர்ந்த பெட்டியை உடனே திறப்பதில்லை. புதிய அறையின் வெப்பத்துக்கும் ஈரத்துக்கும் பழகட்டும் என்று பொதுவாக ஒரு நாள் அப்படியே வைத்திருப்பார்கள். திறந்த பிறகு அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு விரிசல் விரிசலாகச் சரிபார்ப்பார்கள்.

இது எவ்வளவு பெரிய பொறுப்பு என்பது 2023-இல் தெரிந்தது. பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் சுமார் 2,000 பொருட்கள் காணாமல்போயும் திருடுபோயும் சேதமாகியும் இருந்தன. இயக்குநர் பதவி விலகினார். அங்கே 25 பேர் வரை கொண்ட அறங்காவலர் குழு இருக்கிறது. சேகரிப்பிலிருந்து எதையும் எளிதில் விற்கவோ கொடுக்கவோ விடாத 1963-ஆம் ஆண்டுச் சட்டமும் இருக்கிறது. மேலே இத்தனை காவல் இருந்தும், போனவற்றில் பல, சரியாகப் பதிவாகாத சின்னச் சின்ன ரத்தினக் கற்களும் நகைகளும். பதிவேட்டில் இல்லாத பொருளை எங்கே என்று எந்த அறங்காவலர் கேட்க முடியும்? உங்கள் மகள் தூசி தட்டப் போகவில்லை அம்மா, கணக்குக் காக்கப் போகிறாள்.

செலவு விஷயத்தில் நான் கறாராகவே இருப்பேன். இந்தத் துறையில் பணியிடங்கள் குறைவு, ஆரம்பச் சம்பளமும் பெரிதாக இருக்காது. ஆகவே பெரிய கடன் வாங்கி, வெளிநாட்டில் அருங்காட்சியகவியல் படிக்க அனுப்பாதீர்கள். அவளே அழுது கேட்டாலும் வேண்டாம். இளநிலையில் வரலாறோ வேதியியலோ, செலவு குறைந்த இடத்தில் படிக்கட்டும். விடுமுறைகளில் ஏதாவது ஓர் அருங்காட்சியகத்தின் சேமிப்பறையில் தன்னார்வலராக வேலை செய்யட்டும். மேல்படிப்பை அப்புறம் பார்க்கலாம். அதே கடனை வாங்கி, பிடிக்காத மருத்துவத்தில் சேர்ப்பதற்கும் நான் சம்மதிக்க மாட்டேன். நேற்று ஒரு மணி நேரத்தில் மருத்துவம் பற்றி அவள் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை.

அடுத்த வாரம் அந்த நோட்டோடு ஓர் அருங்காட்சியகத்தின் பதிவுப் பிரிவுக்கு அவளைக் கூட்டிப் போங்கள். முன்கூட்டியே கடிதம் எழுதி அனுமதி கேளுங்கள். அண்ணனும் கூட வரட்டும்.