கிணற்றில் சரிபாதி

அன்புள்ள ஐயா,

மகனுக்கு ஒன்பது வயது, மகளுக்கு ஏழு. எதை வாங்கிக் கொடுத்தாலும் அடிதடி. பகிர்தலைச் சொல்லும் அனிமேஷன் குறும்படம் என்று நண்பர் ஒருவர் ‘நெய்பர்ஸ்’ படத்தை அனுப்பினார். குழந்தையை உதைக்கும் காட்சி வந்ததும் நிறுத்திவிட்டேன். அந்த இடத்தை மட்டும் ஓட்டிவிட்டுக் காட்டலாமா?
ம.

அன்புள்ள ம.,

உங்களுக்கு முன்பே அந்த இடத்தை வெட்டிவிட்டார்கள். நார்மன் மெக்லாரன் 1952-ல் கனடா தேசியத் திரைப்பட வாரியத்துக்காக எடுத்த படம் அது. மனைவியும் கைக்குழந்தையும் அடிபடும் துண்டு இல்லாமலே பல வருடம் ஓடியது. வியட்நாம் போர்க் காலத்தில்தான் திரும்பச் சேர்த்தார்கள். காட்டுவதா வேண்டாமா என்பது உங்கள் பாடு. ஆனால் பாதியில் நிறுத்தியவர் ‘பகிர்தலைச் சொல்லும் படம்’ என்று எழுதலாமா? அதில் யாரும் எதையும் பகிர்வதில்லை ஐயா. சண்டை போடும் அண்டை வீட்டுக்காரர்கள் இரண்டு பேரும் செத்துப்போகிறார்கள். குழிக்கொரு பூ பூக்கிறது, அவ்வளவுதான்.

அனிமேஷன் என்றாலும் அதில் கார்ட்டூன் ஆட்கள் கிடையாது. நிஜ மனிதர்களை ஒவ்வொரு ஃபிரேமாகப் படம்பிடித்தது. ஒருவர் அந்தரத்தில் மிதக்கிறார் என்றால், ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஒருமுறை குதித்திருக்கிறார். ஆஸ்கர்காரர்கள் இதற்கு ஆவணக் குறும்படம் என்று பரிசு கொடுத்தார்கள். தெரியாமல் கொடுத்தார்களோ தெரிந்தே கொடுத்தார்களோ!

எனக்கு முக்கியம் அந்த மிதப்பு. எல்லையில் ஒரு பூ முளைக்கிறது. இவரும் முகர்கிறார், அவரும் முகர்கிறார். இருவருக்கும் கிறங்கிப்போகிறது. வாசனை இரண்டு பேருக்கும் போதும், ஊருக்கே போதும். அப்புறம்தான் பூ யார் பக்கம் என்ற கேள்வி வருகிறது, வேலி வருகிறது. அதே வேலிக்குச்சி பிறகு வாளாகிறது, கடைசியில் குழியைச் சுற்றி நிற்கிறது. சண்டை பூவுக்காக இல்லை, பங்குக்காக. நீங்கள் பிள்ளைகளுக்கு ஒவ்வொன்றையும் அளந்து இரண்டாகக் கொடுப்பவர் என்று நினைக்கிறேன். வேலிக்குச்சியை நடுவது நீங்கள்தான். கோபித்துக்கொள்ளாதீர்கள்.

எங்கள் வீட்டில் அது கிணறு. அப்பாவும் சித்தப்பாவும் பிரிந்தபோது பத்திரத்தில் ‘கிணற்றில் சரிபாதி’ என்று எழுதினார்கள். கிணற்று வாய்க்குக் குறுக்கே கல் பாவி, அதன்மேல் சுவர் எழுப்பினார்கள். அந்தப் பக்கம் ஒரு ராட்டினம், இந்தப் பக்கம் ஒன்று. இரண்டு வாளியும் கீழே ஒரே தண்ணீரில் மோதிக்கொள்ளும். அண்ணன் தம்பிக்குள் பதினோரு வருடம் பேச்சு இல்லை.

சித்தப்பா மகளுக்கு என் வயது. வாளியில் நெல்லிக்காயைப் போட்டு, தண்ணீரைத் தொடாமல் இறக்கி, கயிற்றை ஆட்டிவிடுவாள். சுவருக்கு அடியில் அது எங்கள் பக்கம் ஊசலாடி வரும். துறட்டியால் மாட்டி இழுப்பேன். நாலைந்து முறை தவறும்.

“ஒரு வாளி தண்ணி இறைக்க இவ்வளவு நேரமாடா?” என்று அப்பா திண்ணையிலிருந்து கத்துவார்.