ஜுகோவின் அஸ்தி மாடம் எங்கே? வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: செப்டம்பரில் மாஸ்கோ போகிறோம். மார்ஷல் ஜுகோவின் சமாதியைப் பார்க்க வேண்டும் என்று அப்பாவுக்கு ரொம்ப நாள் ஆசை. டிக்கெட் உண்டா? எத்தனை மணிக்குப் போனால் சரி? – மதுரை வாசகர்

முதலில் ஒன்றை அப்பாவிடம் சொல்லிவிடுங்கள். இரண்டாம் உலகப் போரில் சோவியத் படைகளை நடத்திய ஜுகோவுக்கு மண்டபமும் கிடையாது, மண்ணில் கல்லறையும் கிடையாது. 1974 ஜூன் 18-ல் இறந்தவரைத் தகனம் செய்து, ஜூன் 21 அன்று அஸ்திக் கலசத்தைக் கிரெம்ளின் மதிலில் ஒரு மாடத்துக்குள் வைத்து, கல் பலகையால் மூடினார்கள். அந்தப் பலகைதான் நீங்கள் பார்க்கப்போவது. பெரிதாக எதையோ எதிர்பார்த்துப் போனவர்கள் அதைக் கவனிக்காமலே கடந்து போய்விடுகிறார்கள்.

டிக்கெட் கிடையாது, இலவசம். ஆனால் செஞ்சதுக்கத்தில் நின்றுகொண்டு மதிலை நெருங்க முடியாது. இடையில் தடுப்பு இருக்கும். லெனின் சமாதி மண்டபத்துக்குப் போகும் வரிசையில் சேர்ந்தால்தான் மதிலோரப் பாதைக்குள் விடுவார்கள். வழக்கமான நேரம் காலை 10 முதல் பகல் 1 மணி வரை; திங்கள், வெள்ளி விடுமுறை. ஒரு நாளில் மூன்று மணி நேரம்தான் என்பதால் 9 மணிக்கே வரிசையில் நின்றுவிடுங்கள். 12 மணிக்கு மேல் வந்து வால்பகுதியில் நிற்பவர்கள் பல நாள் வெறுங்கையோடு திரும்புகிறார்கள். மே 9 வெற்றி நாள் அணிவகுப்புக்கு முன்னால் மேடை கட்டுவதற்காக வாரக்கணக்கில் மூடிவைப்பார்கள். பராமரிப்புக்காகவும் அவ்வப்போது மூடுவார்கள். அதனால் பயணத் தேதியை முடிவு செய்யும் முன்பும், கிளம்புகிற அன்று காலையிலும் ஒருமுறை விசாரித்துக்கொள்ளுங்கள்.

இறங்க வேண்டிய மெட்ரோ நிலையம் ‘அகோத்னி ரியாத்’ அல்லது ‘ப்ளோஷத் ரெவல்யூத்ஸி’. இரண்டாவதில் இறங்கினால் நடைமேடையில் வெண்கலச் சிலைகள் வரிசையாக இருக்கும். எல்லைக் காவலரின் நாய்க்கு மூக்கு தங்கமாக மின்னும். அதைத் தொட்டால் அதிர்ஷ்டம் என்று போகிறவர் வருகிறவரெல்லாம் தேய்த்துத் தேய்த்து வந்த மினுமினுப்பு அது.

வெளியே வந்ததும் கைபேசி வரைபடத்தை நம்பாதீர்கள். கிரெம்ளினைச் சுற்றி ஜிபிஎஸ் குழப்பப்படுவது பல வருடமாக நடக்கிறது. செஞ்சதுக்கத்தில் நிற்கும்போதே, ஊருக்கு வெளியே உள்ள வ்னூகவோ விமான நிலையத்தில் நிற்பதாகத் திரை காட்டும். மொபைல் இணையமும் சில நாட்களில் துண்டிக்கப்படுகிறது. இரண்டு பக்கமும் கூர்ங்கோபுரம் வைத்த சிவப்புக் கட்டடம் வரலாற்று அருங்காட்சியகம். அதை அடையாளமாக வைத்துக்கொள்ளுங்கள். வரிசை அந்தப் பக்கம்தான்.

சோதனைக் கருவியைக் கடந்துதான் உள்ளே போக வேண்டும். பெரிய பை, தண்ணீர் பாட்டில் எதுவும் வேண்டாம். லெனின் மண்டபத்துக்குள் படம் எடுக்கக் கூடாது, பேசக் கூடாது, ஆண்கள் தொப்பியைக் கழற்ற வேண்டும். பேன்ட் பாக்கெட்டில் கை விட்டிருந்தால் காவலர் எடுக்கச் சொல்வார். பாதை ஒருவழி. ஒரு பலகையைத் தவறவிட்டால் பின்னால் திரும்பி வர விடமாட்டார்கள், மறுபடி வரிசைதான்.

கேள்வி: எனக்கு ரஷ்ய எழுத்து தெரியாது. நூற்றுக்கும் மேற்பட்ட பெயர்களுக்கு நடுவே ஜுகோவை எப்படிக் கண்டுபிடிப்பது? – கோயம்புத்தூர் வாசகர்

இரண்டு எழுத்து தெரிந்தால் போதும். பலகைகளில் குடும்பப் பெயர்தான் முதலில் இருக்கும். பிறகு பெயர், தந்தை பெயர், பிறந்த நாள், இறந்த நாள். ஜுகோவின் முதல் எழுத்து, நடுவில் ஒரு செங்குத்துக் கோடும் இரண்டு பக்கமும் இரண்டிரண்டு கால்களைப் பரப்பியதுபோல வளைவுகளும் கொண்டது. பார்க்க ஒரு வண்டு மாதிரி இருக்கும். வேடிக்கை என்னவென்றால், ‘ஜுக்’ என்றால் ரஷ்ய மொழியில் வண்டுதான். அதற்குக் கீழே 1896, 1974 என்ற இரண்டு வருடங்களும் இருந்தால் அவரேதான்.

அதே போரின் மற்ற மார்ஷல்களும் இங்கே உண்டு. ரொகொஸ்ஸோவ்ஸ்கியின் முதல் எழுத்து ஆங்கில ‘P’ போலத் தெரியும்; ஆனால் அது ‘ர்’. வருடம் 1968. கோனெவுக்கு நமக்குப் பழகிய ‘K’ எழுத்தேதான், 1973. வசிலேவ்ஸ்கிக்கு ஆங்கில ‘B’ போல இரண்டு வயிறு வைத்த எழுத்து, அது ‘வ’. இறந்தது 1977. மலினோவ்ஸ்கி (1967), திமொஷென்கோ (1970), பக்ராம்யான் (1982) எல்லோரும் அதே மதிலில்தான். பெயர்களையும் வருடங்களையும் ஒரு தாளில் பெரிதாக எழுதிச் சட்டைப்பையில் வைத்துக்கொள்ளுங்கள். நடந்துகொண்டே கைபேசியில் தேடினால் நேரம் போகும், பின்னால் வருகிறவரும் நெருக்குவார்.

யூரி ககாரினும் இதே மதிலில்தான். பிள்ளைகளை அழைத்துப் போகிறவர்கள் அந்தப் பெயரை முதலில் கண்டுபிடிக்கச் சொல்லுங்கள், அவர்களுக்கும் பொழுது போகும்.

கேள்வி: பூ வைக்கலாமா? மாலை கொண்டுபோகலாமா? – காரைக்குடி வாசகர்

மாலை வேண்டாம். சிவப்புக் கார்னேஷன் பூ வாங்குங்கள், போர்வீரர் நினைவிடங்களுக்கு அங்கே வழக்கமான பூ அதுதான். எண்ணிக்கைதான் முக்கியம்: இரண்டு, நான்கு, ஆறு என்று இரட்டைப்படையில். நம் ஊரில் மொய்யை 101 என்று ஒற்றைப்படையில் வைப்பதுபோல, ரஷ்யாவில் உயிரோடிருப்பவருக்கு ஒற்றைப்படை, இறந்தவருக்கு இரட்டைப்படை. கடைக்காரரிடம் எண்ணிக்கை சொன்னாலே எதற்கு என்று அவருக்குப் புரிந்துவிடும். பிறந்தநாளுக்கு நான்கு ரோஜா நீட்டினால் முகம் சுளிப்பதும் இதனால்தான்.

பூவைச் சுற்றிய பிளாஸ்டிக் தாளை வெளியிலேயே பிரித்துப் போட்டுவிடுங்கள். உள்ளே எங்கே வைக்கலாம் என்பதைக் காவலரிடம் சைகையால் கேட்டுக்கொள்ளுங்கள். அவர் தலையசைக்காமல் கயிற்றைத் தாண்டிக் காலை வைக்காதீர்கள்.

மதில் மூடியிருக்கும் நாளில் போய் மாட்டிக்கொண்டால் வேறு வழி உண்டு. வரலாற்று அருங்காட்சியகத்தின் மறுபக்கம், மனேஷ் சதுக்கத்தைப் பார்த்தபடி, ஜுகோவ் குதிரையில் அமர்ந்திருக்கும் சிலை நிற்கிறது. சிற்பி க்லிகோவ் வடித்து 1995-ல், வெற்றியின் ஐம்பதாம் ஆண்டில் வைத்தது. குதிரையின் குளம்பு நாஜிக் கொடிகளை மிதித்திருப்பதைப் பக்கத்தில் போய்ப் பாருங்கள். 1945 ஜூன் 24 வெற்றி அணிவகுப்பை ஜுகோவ் வெள்ளைக் குதிரையில் வந்து ஏற்றுக்கொண்டார்; அணிவகுப்பை நடத்திவந்தவர் ரொகொஸ்ஸோவ்ஸ்கி. இந்தச் சிலையடியில் எந்த நேரமும் பூ வைக்கலாம், கேட்பாரில்லை. அப்பாவை மதுரையிலிருந்து கூட்டிப்போகிறவர் இதையும் நிரலில் சேர்த்துக்கொள்ளட்டும்.

கேள்வி: புத்யோன்னிக்கு மண்ணில் கல்லறை, மார்பளவுச் சிலை. பெர்லினைப் பிடித்த ஜுகோவுக்கு மதிலில் ஒரு பொந்தா? ஏன் இந்த ஓரவஞ்சனை? – யாழ்ப்பாண வாசகர்

பொந்து என்று சொல்ல வேண்டாம். மாடம் என்றே சொல்வோம். ஆனால் கேள்வியில் நியாயம் இருக்கிறது.

லெனின் மண்டபத்துக்குப் பின்னால் மண்ணில் தனிக் கல்லறை கிடைத்தவர்கள் 12 பேர்தான். அதில் படைத்தலைவர்கள் என்று எண்ணினால் மூவர்: ஃப்ரூன்ஸே (1925), வொரொஷீலோவ் (1969), புத்யோன்னி (1973). ஸ்டாலின், பிரெஷ்னேவ் எல்லோரும் அதே வரிசை. மற்ற மார்ஷல்களுக்கு மதில் மாடம் என்பதுதான் பொது வழக்கம். ரொகொஸ்ஸோவ்ஸ்கிக்கும் அதுவே, கோனெவுக்கும் அதுவே. அந்தக் கணக்கில் ஜுகோவுக்கு மட்டும் குறைவு செய்ததாகச் சொல்ல முடியாது.

உறுத்துவது புத்யோன்னியோடு ஒப்பிடும்போதுதான். அவர் இறந்தது 1973 அக்டோபரில், ஜுகோவ் எட்டு மாதம் கழித்து. போரில் யார் என்ன செய்தார்கள் என்பதைப் பார்த்தால் ஒப்பீடே இல்லை. ஆனால் புத்யோன்னி உள்நாட்டுப் போர்க் காலத்துக் குதிரைப்படை நாயகன், கடைசிவரை எந்தத் தலைமையோடும் மோதாதவர். ஜுகோவ் நான்கு முறை ‘சோவியத் யூனியன் வீரர்’ பட்டம் பெற்றவர்தான். ஆனாலும் 1946-ல் ஸ்டாலின் அவரை ஒடெஸாவுக்குத் தள்ளினார். 1957 அக்டோபரில் குருஷ்சேவ் பாதுகாப்பு அமைச்சர் பதவியையே பறித்தார். சோவியத் ஆட்சியில் அடக்க இடத்தைத் தீர்மானித்தது, இறக்கும்போது கட்சியில் ஒருவருக்கு என்ன இடம் என்பதுதான். மதிலோரம் நடக்கும்போது இந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால் வரிசையின் பொருள் விளங்கும்.

பதவி போன அதே 1957-ன் தொடக்கத்தில்தான் ஜுகோவ் பாதுகாப்பு அமைச்சராக இந்தியா வந்து, தில்லிக் குடியரசு தின அணிவகுப்பில் சிறப்பு விருந்தினராக நின்றார்.

கேள்வி: துகாசெவ்ஸ்கியின் கல்லறை எங்கே? மதிலில் பெயர் இல்லையே? – சென்னை வாசகர்

இருக்காது. ஸ்டாலினின் களையெடுப்பில் 1937 ஜூன் 12-ல் சுட்டுக் கொல்லப்பட்ட மார்ஷல் அவர். அஸ்தி மாஸ்கோவின் புதிய தோன்ஸ்கோயே இடுகாட்டில், உரிமை கோராத அஸ்திகளைக் கொட்டிய முதலாம் பொதுக்குழியில் இருக்கிறது. 1930 முதல் 1942 வரையிலான குழி அது. ஷாபொலோவ்ஸ்காயா மெட்ரோவில் இறங்கி நடந்துவிடலாம். இடுகாட்டுக்குள் ‘பொதுக்குழி 1’ என்று கேளுங்கள். இறந்தவர்களின் குடும்பத்தார் பின்னாளில் நட்டுவைத்த சிறு சிறு பெயர்ப்பலகைகள் நெருக்கமாக இருக்கும். கூட்டமும் வரிசையும் கிடையாது. செஞ்சதுக்கம் போகிற ஒவ்வொருவரும் மறுநாள் இங்கேயும் போக வேண்டும் என்பது எங்கள் எண்ணம்.

தளபதி செர்னியாகோவ்ஸ்கியைப் பற்றி இன்னொருவர் கேட்டிருக்கிறார். 1945 பிப்ரவரியில் போர்க்களத்தில் இறந்த அவரை முதலில் வில்னியஸில் அடக்கம் செய்தார்கள். 1992-ல் மாஸ்கோவின் நொவொதேவிச்சி இடுகாட்டுக்கு மாற்றினார்கள். ஸ்போர்ட்டிவ்னாயா மெட்ரோ நிலையம் அருகில்.

கேள்வி: சூய்கோவ் மட்டும் ஏன் ஸ்டாலின்கிராதில்? முழங்கால் வலி உள்ளவர் அந்த மேட்டில் ஏற முடியுமா? – திருச்சி வாசகர்

அவரே கேட்டுப் பெற்ற இடம் அது. ஸ்டாலின்கிராத் (இன்றைய வோல்கொகிராத்) போரில், 1942 செப்டம்பர் 12-ல் 62-ஆம் படையின் தலைமை அவருக்கு வந்தது. மமாயெவ் குன்றைச் சுற்றியே மாதக்கணக்கில் சண்டை நடந்தது. 1982 மார்ச்சில் இறப்பதற்கு முன்பே, தன்னைத் தன் வீரர்களோடு அங்கேயே அடக்கம் செய்யும்படி கட்சித் தலைமைக்கு எழுதிக்கொடுத்திருந்தார். கிரெம்ளின் மதிலுக்குப் போகாமல் போர்க்களத்துக்கே போனவர்.

குன்றின் அடியிலிருந்து உச்சி வரை 200 கருங்கல் படிகள், போர் நடந்த 200 நாட்களுக்கு நாளுக்கு ஒன்றாக. ஒரே மூச்சில் ஏறுவது கிடையாது; இடையிடையே அகலமான சதுக்கங்கள் வரும். குளத்துக்கு நடுவே, இடுப்புக்குக் கீழே பாறையோடு பாறையாக, கையெறி குண்டோடு எழும் வீரன் சிலையைப் பாருங்கள். அந்த முகத்தில் சூய்கோவின் சாயல் இருக்கும். பிறகு வட்டமான வீர மண்டபம். சுவரைச் சுற்றி 34 கொடிகளில் சுமார் 7,200 பெயர்கள், நடுவில் தரையிலிருந்து எழும் ஒரு கை, அதில் அணையாத தீபம். ஷூமானின் மென்மையான இசை ஓடிக்கொண்டேயிருக்கும். காவலர் மாற்றத்தைப் பார்க்க ஒவ்வொரு முழு மணிக்கும் ஐந்து நிமிடம் முன்னால் அங்கே இருங்கள். மண்டபத்தின் மேல்வாசலில் வெளியேறினால் துயரச் சதுக்கம்: இறந்த மகனை மடியில் கிடத்திய தாய், பக்கத்தில் கண்ணீர்க் குளம். சூய்கோவின் கல்லறை அங்கேதான். இங்கே கயிறும் இல்லை, வரிசையும் இல்லை. பக்கத்தில் நின்று பூ வைக்கலாம், வேண்டிய நேரம் நிற்கலாம். குறிபார்த்துச் சுடுவதில் பெயர்பெற்ற வசிலி ஸாய்த்செவும் 2006 முதல் இந்தக் குன்றில்தான். அவரைக் கீவிலிருந்து கொண்டுவந்து மறு அடக்கம் செய்தார்கள். சூய்கோவின் முதல் எழுத்து நம் எண் 4 போலிருக்கும், தேடச் சிரமம் இல்லை.

முழங்கால் வலிக்காரர் கீழிருந்து ஏற வேண்டியதில்லை. குன்றின் பின்பக்கம் அனைத்துப் புனிதர் தேவாலயம் வரை கார் போகும். டாக்சிக்காரரிடம் அந்தத் தேவாலயத்தைச் சொல்லி இறங்கி, 85 மீட்டர் தாய்நாட்டுச் சிலையின் அடியிலிருந்து வளைந்து இறங்கும் பாதையில் வந்தால் கல்லறைக்கு வந்துவிடலாம். திரும்பும்போது அதே பாதை ஏற்றம் என்பதை மறக்க வேண்டாம். நின்று நின்று ஏறலாம், படி இல்லை. ஜூலையில் போனால் தொப்பியும் தண்ணீரும் கட்டாயம், மேலே நிழல் என்பதே கிடையாது. குளிர்காலத்தில் படியில் பனி உறைந்திருக்கும். ரப்பர் அடியுள்ள செருப்பு போதாது, பல் பதித்த காலணி வேண்டும்.

மாஸ்கோவிலிருந்து வோல்கொகிராத் கிட்டத்தட்ட 1,000 கி.மீ. இப்போதைய போர்ச் சூழலில் அந்த விமான நிலையம் அடிக்கடி திடீரென்று மூடப்படுகிறது. ரயிலில் படுக்கை போட்டுக்கொண்டு போவதே நிம்மதி. திரும்பும் விமானத்தைப் பிடிக்க ஒரு நாளாவது இடைவெளி விடுங்கள். ஊருக்குள் மெட்ரோ டிராமில் ‘மமாயெவ் குர்கான்’ என்றே ஒரு நிறுத்தம் உண்டு.

கேள்வி: விசா, பணம்? – சேலம் வாசகர்

இந்தியக் கடவுச்சீட்டுக்கு ரஷ்ய இ-விசா உண்டு. குறைந்தது நான்கு நாள் முன்னால் விண்ணப்பிக்க வேண்டும். 2025 ஆகஸ்ட் முதல் 30 நாள் வரை தங்கலாம். பட்டியலில் உள்ள நுழைவிடங்கள் வழியாக மட்டுமே உள்ளே விடுவார்கள் என்பதால், டிக்கெட் போடும் முன் விமான நிலையத்தின் பெயரைச் சரிபாருங்கள். நம் விசா, மாஸ்டர்கார்டு அட்டைகள் 2022 மார்ச் முதல் அங்கே வேலை செய்யாது. முழுச் செலவையும் ரொக்கமாக எடுத்துப் போங்கள். கிழியாத, கசங்காத, எழுத்து எதுவும் இல்லாத டாலர் தாள்களாகப் பார்த்து வாங்குங்கள். மடிப்பில் கறை இருந்தாலே மாற்றுமிடத்தில் திருப்பிக் கொடுத்துவிடுவார்கள்.