மர பாடி ஸ்டேஷன் வேகன்: இந்த தடவை வந்த கேள்விகள்

கேள்வி: பழைய அமெரிக்க வேகன்ல கதவு, பின்பக்கம் எல்லாம் மரத்துல இருக்கே, பணக்காரங்க ஷோக்குக்காக அப்படி செஞ்சாங்களா?

ஷோக்கு பின்னாடி வந்தது, ஆரம்பத்துல அது சவாரி வண்டி. ரயில்ல வந்து இறங்குறவங்களை பெட்டி படுக்கையோட ஹோட்டல்லயோ வீட்லயோ கொண்டுபோய் விடணும், அதுக்கு ஃபோர்டு மாடல் டி சேஸியை (இன்ஜினும் சக்கரமும் இருக்கிற அடிச்சட்டம்) மட்டும் வாங்கி மேல மரத்துல பாடி கட்டிக்கிட்டாங்க, டிப்போ ஹேக்னு சொல்லுவாங்க. 1923ல டூரன்ட் கம்பெனியோட ஸ்டார் கார்லதான் வேகனை கம்பெனியே தன் லிஸ்ட்ல போட்டு வித்தது, பாடி என்னவோ வெளிய கட்டினதுதான். 1929ல ஃபோர்டு மாடல் ஏ-ல வேகன் கொண்டுவந்த பிறகு பெரிய அளவுல போச்சு.

ஏன் மரம்னா, தகட்டை அழுத்தி பாடி எடுக்க அச்சு செய்யணும், அந்த அச்சுக்கு ஆகுற காசு லட்சக்கணக்குல விக்கிற செடானுக்குத்தான் கட்டும். அந்த 1929 வேகன் வித்ததே 5,000க்கு கொஞ்சம் கம்மி, அவ்ளோ கம்மியா போற வண்டிக்கு யாரு அச்சு செய்வா, ஆசாரியை வச்சு மரத்துல செஞ்சா முடிஞ்சது. ஆனா கைவேலை கூடினதால விலையும் ஏறி, கடைசில லிஸ்ட்லயே விலை கூடின வண்டிகள்ல ஒண்ணா வேகன் நின்னுடுச்சு. 30கள்ல பெரிய பண்ணை வீடு, எஸ்டேட் வச்சிருந்தவங்க வாங்க ஆரம்பிச்சதும்தான் அந்த அந்தஸ்து ஒட்டிக்கிச்சு.

கேள்வி: என்ன மரம் போடுவாங்க? சேஸியும் மரமா?

சேஸி இரும்புதான், இதுல நிறைய பேருக்கு குழப்பம் இருக்கு. இன்ஜின், ஃப்ரேம், முன்பக்க பானெட், மட்கார்டு எல்லாம் உலோகம், முன் கண்ணாடிக்கு பின்னாடி இருக்கிற பாடிதான் மரம். சட்டத்துக்கு மேப்பிள் இல்லன்னா ஆஷ், நடுப் பலகைக்கு பர்ச்சோ மகாகனியோ. வெளிர் சட்டம், நடுவுல கருஞ்சிவப்பு பலகைன்னு அந்த ரெண்டு கலர் வர்றது இதனாலதான். பழசுல மேற்கூரைகூட மரப் பட்டி அடிச்சு மேல துணி இழுத்துக் கட்டினதுதான்.

ஃபோர்டு கதை இதுல தனி. ஹென்றி ஃபோர்டு 1920ல மிச்சிகன் மாநிலத்தோட வடக்குப் பகுதியில 3 லட்சம் ஏக்கருக்கு மேல காடு வாங்கி, அயர்ன் மவுன்டன் ஊர்ல மர ஆலை போட்டார், அதாவது மரம் வெட்டுறது, அறுக்குறது, சூளையில காய வைக்கிறது, பாகமா செதுக்குறதுன்னு எல்லாமே தன் கைக்குள்ள. அறுத்து மிஞ்சின துண்டு துணுக்கைக்கூட விடல, கரிக்கட்டியா அழுத்தி வித்தாங்க, இன்னிக்கு அமெரிக்காவுல கறி சுட வாங்குற கிங்ஸ்ஃபோர்டு கரி அதோட வாரிசு. ரெண்டாம் உலகப் போர்ல அதே ஆலை ராணுவத்துக்கு 4,000க்கும் மேல சிஜி-4ஏ கிளைடர் (இன்ஜின் இல்லாத விமானம்) செஞ்சு குடுத்தது, கிளைடரோட இறக்கையும் மரம்தானே, கை பழகின ஆளுங்க அங்க ரெடியா இருந்தாங்க. வேகன் சரித்திரத்துல எனக்கு ரொம்ப பிடிச்ச இடம் இந்த ஆலைதான்.

கேள்வி: கிரைஸ்லர் டவுன் அண்ட் கன்ட்ரிக்கு ஏன் இவ்ளோ மவுசு?

1941ல கிரைஸ்லர் டிவிஷன் தலைவர் டேவிட் வாலஸ் முயற்சியில வந்தது. மத்த வேகன் எல்லாம் பெட்டி மாதிரி நிக்கும், இதுக்கு செடானோட இரும்புக் கூரை, பின்பக்கம் பீப்பாய் மாதிரி வளைஞ்சு இறங்கும், பின்கதவு ரெண்டு பக்கமும் விரிஞ்சு திறக்கும். ஆஷ் சட்டம் ஆர்கன்சால இருந்த பீக்கின் உட் ப்ராடக்ட்ஸ்ல செஞ்சது, பலகை ஹோண்டுராஸ் மகாகனி. 1941, 42 ரெண்டு வருஷமும் சேர்த்தே சுமார் 2,000 வண்டிதான், அப்புறம் போர் வந்து நின்னுபோச்சு. போருக்கு அப்புறம் அதே பேர்ல செடானும் கன்வெர்டிபிளும் வந்தது, ஆனா 1947லயே மகாகனியை எடுத்துட்டு மரம் மாதிரி அச்சடிச்ச டைநாக் ஒட்டுப் படத்தை போட்டுட்டாங்க. கன்வெர்டிபிள் அழகா இருக்கும், ஒத்துக்கிறேன், ஆனாலும் என் ஓட்டு 41 பீப்பாய்க்குத்தான்.

கேள்வி: அவ்ளோ அழகா இருந்ததை ஏன் நிறுத்தினாங்க?

பராமரிக்க முடியல. வருஷா வருஷம் உப்புத்தாள் போட்டு தேச்சு வார்னிஷ் அடிக்கணும், ஃபோர்டே அப்படித்தான் சொல்லும். மழைக்காலத்துல வீட்டுக் கதவு உப்பிக்கிட்டு மூட மாட்டேங்குமே, அதே கதைதான் இங்கயும், வெயில்ல சுருங்கி ஜாயின்ட் விலகும், ஓட்டும்போது கிரீச் கிரீச்னு சத்தம் வரும், விலகின ஜாயின்ட்ல தண்ணி இறங்கினா உள்ளேயே மரம் இத்துப்போயிடும்.

இரும்பு வேகனும் சும்மா இருக்கல. 1935லயே லாரி சேஸி மேல செவர்லே சபர்பன் முழு இரும்புல வந்தாச்சு. 1946ல வில்லிஸ் ஜீப் வேகன், ப்ரூக்ஸ் ஸ்டீவன்ஸ் டிசைன், முழுசா இரும்பு, மரம் மாதிரி பெயின்ட் மட்டும் அடிச்சிருப்பாங்க. 1949ல ப்ளிமத் சபர்பன் வந்தது, அதே வருஷம் செவர்லே நடுவுலயே மரத்தை விட்டுட்டு இரும்புக்கு மாறிடுச்சு. போர் முடிஞ்சு புதுசா குடும்பம் நடத்துறவங்க பிள்ளை குட்டி, சாமானோட போக வேகன்தான் கேட்டாங்க, விற்பனை ஏறினதும் அச்சுக்குப் போட்ட காசு கட்ட ஆரம்பிச்சது, அதோட மரத்துக்கு வேலை போச்சு. பெரிய கம்பெனிகள்ல கடைசியா நிஜ மரம் போட்டது 1953 ப்யூக் எஸ்டேட் வேகன்.

கேள்வி: எங்க மாமா அமெரிக்கால 70கள்ல ஃபோர்டு கன்ட்ரி ஸ்கொயர் வச்சிருந்தார், பக்கவாட்டுல மரம் இருக்கும். நிஜ மரமா?

இல்லைங்க, வினைல் ஒட்டுப் படம். 1952லயே கன்ட்ரி ஸ்கொயர் இரும்பு பாடி, ஓரச் சட்டம் மட்டும் நிஜ மரம், கொஞ்ச வருஷத்துல அதுவும் ஃபைபர்கிளாஸ் ஆயிடுச்சு. அந்த பேர்ல 1991 வரைக்கும் வண்டி வந்தது.

கேள்வி: சர்ஃபிங் பண்றவங்களுக்கும் இந்த வண்டிக்கும் என்ன சம்பந்தம்?

விலைதான் சம்பந்தம். 50கள்ல, 60கள்ல கலிபோர்னியாவுல வார்னிஷ் போன பழைய மர வேகன் அடிமாட்டு விலைக்கு கிடைச்சது, நீள சர்ஃபிங் பலகை உள்ள போகும், ராத்திரி உள்ளயே படுத்துக்கலாம், மணலும் உப்புத் தண்ணியும் பட்டாலும் யாரும் கவலைப்பட மாட்டாங்க. இப்போ என்சினிடாஸ் கடற்கரையில வருஷா வருஷம் வேவ்க்ரெஸ்ட்னு இந்த வண்டிங்க மட்டும் கூடுற விழா நடக்குது, அந்தப் பக்கம் இருக்கிறவங்க செப்டம்பர்ல ஒரு எட்டு போயிட்டு வாங்க.

கேள்வி: லண்டன்ல இருக்கேன் அண்ணா. மொரிஸ் மைனர் ட்ராவலர் வாங்க ஆசை. மரம் பளபளன்னு இருக்கு, வாங்கலாமா?

தம்பி, பளபளப்பை விடுங்க, அது ரெண்டு நாள் வேலை. ட்ராவலர் 1953ல இருந்து 1971 வரைக்கும் வந்தது, அதோட ஆஷ் சட்டம் அலங்காரம் இல்ல, வண்டியோட பின்பாதியைத் தாங்குறதே அதுதான், அழகுக்கு ஒட்டின மரம் வேணும்னா பழைய மினி ட்ராவலரைப் பாருங்க. சட்டம் இத்துப்போனா எம்.ஓ.டி.ல, அதாவது அங்க வருஷா வருஷம் வண்டிக்கு வைக்கிற தகுதி டெஸ்ட்ல, ஃபெயில் பண்ணுவாங்க, ஆனா 2018ல இருந்து 40 வருஷத்துக்கு மேல ஆன வண்டிக்கு பெரும்பாலும் அந்த டெஸ்டே வேண்டாம்னு ஆயிடுச்சு, அதனால யாரோ பார்த்திருப்பாங்கன்னு நம்ப முடியாது, நீங்கதான் பார்க்கணும்.

கீழ் சட்டத்துல ஆரம்பிங்க. சக்கரத்துக்கு மேல வளைவு வர்ற இடம், பின்கதவோட அடிப்பக்கம், நகர்த்துற ஜன்னல் ஓடுற பள்ளம், இந்த மூணுலயும்தான் தண்ணி தேங்கும். கட்டைவிரலால அழுத்துங்க, அப்புறம் ஓனர்கிட்ட கேட்டுட்டு கூரான ஊசியால மெதுவா குத்துங்க, நல்ல ஆஷ் ஊசியை உள்ள விடாது, இத்த மரம் கேக்கு மாதிரி இறங்கும். வார்னிஷுக்கு அடியில ஜாயின்ட் ஓரமா கறுப்பா பரவியிருந்தா தண்ணி ஏற்கனவே உள்ள போயாச்சு. புட்டி வச்சு கலர் அடிச்சிருக்காங்களான்னு பார்க்க மரத்தோட ரேகையை கண்ணால தொடர்ந்து போங்க, நடுவுல ரேகை அறுந்தா அங்க புட்டி.

இத்துப்போயிருந்தாலும் பயப்பட வேண்டாம், புது ஆஷ் சட்டம் செட்டாவே இங்கிலாந்துல கிடைக்குது, ஆனா அதை மாட்டுற கூலி பெருசு, விலை பேசும்போது அதை கழிச்சுட்டு பேசுங்க. வாங்கின பிறகு வெளிய படகுக்கு அடிக்கிற வார்னிஷ் அடிங்க, பாலியுரேத்தேன் வேண்டாம், அது அடியில ஈரம் போனா தோல் மாதிரி உரிஞ்சு வரும், அப்புறம் மொத்தத்தையும் சுரண்டணும். மழைக்கு தார்ப்பாய் போட்டு இறுக்கி மூடாதீங்க, காத்து போற மாதிரி ஷெட்ல நிறுத்துங்க.