ஓதம் ஏறிய சுவரும் மூடிய ஆலையும்

கேள்வி: மூடிக் கிடக்கும் ஒரு நூற்பாலையின் பின்புறம், அந்தக் காலத்தில் தொழிலாளர்களுக்காகக் கட்டிய வரிசை வீடுகளில் ஒன்றில் குடியிருக்கிறோம். ஆலையை வாங்கியவர்கள் அதை இடித்துவிட்டு அடுக்குமாடி கட்டப்போவதாகப் பேச்சு. எங்கள் தெருவில் நாற்பது வீடுகள். கால்வாசி பூட்டிக் கிடக்கின்றன. ஆலையையும் தெருவையும் காப்பாற்ற மனு கொடுக்கலாம் என்றால், “மரபுக் கட்டடம் என்று அறிவித்துவிட்டால் ஓர் ஆணிகூட அடிக்க முடியாது” என்று அக்கம்பக்கத்தார் தயங்குகிறார்கள். எங்கிருந்து தொடங்குவது? இதற்கிடையில் எங்கள் வீட்டுச் சுவரில் இடுப்பளவுக்கு ஓதம் ஏறி, பூச்சு பொரிந்து விழுகிறது. சிமெண்ட் பூசிவிடலாமா?

பதில்: கடைசிக் கேள்வியைப் போகிற போக்கில் கேட்டிருக்கிறீர்கள். நான் அதிலிருந்தே தொடங்குகிறேன். பூசாதீர்கள்.

ஆலையை இடிக்க அனுமதி வாங்க வேண்டும், இயந்திரம் கொண்டுவர வேண்டும், நாள் குறிக்க வேண்டும். எதிர்ப்பவர்களுக்கும் கொஞ்சம் அவகாசம் கிடைக்கும். வரிசை வீடுகள் போகிற விதம் வேறு. ஒருவர் சிமெண்ட் பூசுவார், அடுத்தவர் மர ஜன்னலைப் பிடுங்கிவிட்டு அலுமினியம் வைப்பார், இன்னொருவர் பூட்டிவிட்டு ஊரைவிட்டே போய்விடுவார். பதினைந்து வருடம் கழித்து ஆய்வுக்கு அதிகாரி வரும்போது, இதைக் காப்பாற்றுங்கள் என்று கைகாட்ட அந்தத் தெருவில் ஒன்றும் மிஞ்சியிருக்காது.

உங்கள் சுவருக்கு வருவோம். அந்தக் காலத்துத் தொழிலாளர் வீடுகள் பெரும்பாலும் செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும்தான். உங்களுடையதும் அப்படித்தானா என்று பார்க்க, பூச்சு உதிர்ந்த இடத்தில் இரண்டு செங்கல்லுக்கு நடுவே உள்ள சாந்தை வீட்டுச் சாவியால் கீறுங்கள். வெளுப்பாக, பொடிப்பொடியாக உதிர்ந்து, நடுவில் வெள்ளைச் சுண்ணாம்புக் கட்டிகள் தென்பட்டால் அது சுண்ணாம்பு. சாம்பல் நிறத்தில், சாவிதான் தேய்கிறது என்றால் சிமெண்ட். பின்னால் யாரோ கைவைத்திருக்கிறார்கள். சுண்ணாம்புச் சாந்து செங்கல்லைவிட மென்மையானது. தரையிலிருந்து ஏறும் ஈரம் அந்த இடுக்குகள் வழியாகவே வெளியே வந்து காய்ந்துவிடும். கூடவே வரும் உப்பும் சாந்திலேயே பூத்து உதிரும். கெடுவது சாந்து, செங்கல்லுக்கு ஒன்றும் ஆகாது. சில பத்தாண்டுகளுக்கு ஒருமுறை இடுக்குகளைச் சுரண்டி மறுபடி சாந்து அடைத்தால் போதும்.

அதன்மேல் சிமெண்ட் பூசினால் ஈரம் வெளியேற வழியில்லாமல் மேலே ஏறும். இடுப்பளவில் நிற்கும் ஓதம் தோளளவுக்குப் போகும். உப்பு செங்கல்லுக்குள்ளேயே படிகமாகி அதன் முகத்தைப் பிளக்கும். இரண்டு மூன்று வருடத்தில் சிமெண்ட் பாளம் பாளமாகப் பெயரும்; பெயரும்போது செங்கல்லின் தோலையும் பிய்த்துக்கொண்டு வரும். “பழைய சுவர், தாங்கவில்லை, இடித்துக் கட்டிவிடலாம்” என்று கொத்தனார் சொல்வது இந்தக் கட்டத்தில்தான். அவர் ஏமாற்றவில்லை. அவர் கற்றது புதுக் கட்டட வேலை.

எனவே முதலில் ஈரம் எங்கிருந்து வருகிறது என்று கண்டுபிடியுங்கள். நல்ல மழையில் வெளியே போய் நின்று பாருங்கள். இதற்கு எந்தக் கருவியும் ஈடாகாது. கூரைத் தண்ணீர் குழாயில் இறங்குகிறதா, பாதியில் உடைந்த இடத்தில் சுவரோடு வழிகிறதா? சாலையைச் சுரண்டாமல் மேலுக்கு மேல் போட்டதில் தெரு உங்கள் வீட்டுத் தளத்தைவிட உயர்ந்துவிட்டதா? சுவரை ஒட்டி யாராவது சிமெண்ட் தளம் போட்டிருக்கிறார்களா? போட்டிருந்தால் மண் வழியாகப் போக வேண்டிய ஈரம் சுவரைத் தேடி வரும். இவற்றைச் சரிசெய்து, பொரிந்த பூச்சைச் செங்கல்வரை எடுத்துவிட்டு, ஒரு வெயில் காலம் முழுக்கச் சுவரைக் காயவிடுங்கள். பார்க்க அசிங்கமாகத்தான் இருக்கும். மறைக்க அலமாரியைத் தள்ளி வைத்துவிடாதீர்கள், காற்று பட வேண்டும். பிறகு சுண்ணாம்புப் பூச்சு. மெல்லிய அடுக்குகளாக, ஒன்று இறுகியபின் அடுத்தது என்று பூசி, சில நாட்கள் ஈரம் தெளித்துப் பாதுகாக்க வேண்டும். சுண்ணாம்பு காற்றிலுள்ள கரியமில வாயுவை இழுத்து மெதுவாக இறுகும் பொருள். அவசரப்படுத்தினால் விரிசல் விடும்.

ஒரு எச்சரிக்கையும் சொல்லிவிடுகிறேன். தொழில் நகரத்துச் சுவர்களில் படிந்த புகைக்கரியைப் பார்த்ததும் சுத்தம் செய்யக் கை பரபரக்கும். வேலைக்கு வந்த புதிதில் ஒரு ஆலைச் சுவரை மணல் பீய்ச்சி வெளுக்க நானே சம்மதித்தேன். திறப்பு விழா அன்று பளபளவென்று இருந்தது. சூளையில் வெந்து கெட்டியான மேல்தோல் போய்விட்டதால், இரண்டு மழைக்குள் செங்கல் மாவாக உதிரத் தொடங்கியது. இன்றும் அந்தப் பக்கம் போனால் தலையைத் திருப்பிக்கொள்கிறேன்.

அடுத்தது ஆணி பயம். தனிக் கட்டடத்தைப் பாதுகாப்பதும் ஒரு பகுதியைப் பாதுகாப்பதும் வேறு வேறு. பிரிட்டன் 1967-ல் கொண்டுவந்த சட்டம், தனித்தனிக் கட்டடங்களாக இல்லாமல் ஒரு பகுதி முழுவதையும் பாதுகாப்புப் பகுதியாக அறிவிக்க வழிசெய்தது. அப்படிப்பட்ட பகுதிகளில் பெரும்பாலும் கட்டுப்பாடு வெளித்தோற்றத்துக்கும் இடிப்பதற்கும்தான். சமையலறை மேடையை மாற்ற யாரிடமும் போக வேண்டியதில்லை. மும்பையின் 1995 விதிகள் மரபுக் கட்டடங்களை மூன்று தரமாகப் பிரித்தன. முதல் தரத்தில் கைவைப்பது கடினம், மூன்றாம் தரத்தில் மாற்றங்களுக்கு நிறையவே இடம் உண்டு. உங்கள் பகுதிக்குப் பொருந்தும் விதியில் எந்தத் தரத்துக்கு எது அனுமதி என்று இருக்கும் பக்கத்தை மட்டும் நகல் எடுத்து வீடு வீடாகக் கொடுங்கள். மனுவை அப்புறம் எழுதலாம். ஆமதாபாத்தில் மரபு வீட்டுக்காரர்கள் தாங்கள் பயன்படுத்தாத கட்டட உரிமையை வேறிடத்தில் கட்டுபவருக்கு விற்கலாம், டி.டி.ஆர். என்பார்கள். அப்படி ஏதாவது உங்கள் ஊரில் இருந்தால் அதையும் சேர்த்துச் சொல்லுங்கள். பழமையின் பெருமை பேசிக் கையெழுத்து வாங்குவதைவிட அது எளிது.

பட்டம் மட்டும் காப்பாற்றும் என்றும் நம்ப வேண்டாம். லிவர்பூலின் துறைமுகப் பகுதி 2004-ல் உலக மரபுச் சின்னமானது. கரையோரப் புதுக் கட்டுமானங்களால் 2021-ல் பட்டியலிலிருந்தே எடுக்கப்பட்டது.

ஆலை விஷயத்தில் விதியின் சொற்களை எழுத்தெழுத்தாகப் படிக்கச் சொல்வேன். மும்பையில் நடந்தது இது. 1982-ல் தொடங்கிய பெரும் வேலைநிறுத்தத்துக்குப் பின் ஆலைகள் ஒவ்வொன்றாக மூடின. 1991-ல் வந்த விதி, ஆலை நிலத்தை மறுபடி கட்டினால் மூன்றில் ஒரு பங்கு பொதுவெளிக்கு, ஒரு பங்கு பொது வீட்டுவசதிக்கு, மிச்சம் உரிமையாளருக்கு என்றது. 2001-ல் ஒரு திருத்தம் வந்தது. பங்கு பிரிப்பது ஏற்கெனவே காலியாக இருக்கும் நிலத்துக்கு மட்டும். ஆலைக் கட்டடத்தை இடித்ததால் காலியாகும் நிலம் கணக்கில் வராது. நிலத்தில் பெரும்பகுதியில் கட்டடங்கள்தான் நின்றன, அதனால் பொதுவுக்குச் சேர வேண்டிய பங்கு சுருங்கிப்போனது. 2006-ல் உச்ச நீதிமன்றமும் அந்தத் திருத்தத்தை ஏற்றது. வரைவு விதிக்குக் கருத்துக் கேட்கும் நாட்களைத் தவறவிடாதீர்கள் என்று நான் நச்சரிப்பது இதனால்தான்.

எதிர்ப்பு மனுவில் “இடிக்காதே” என்று மட்டும் எழுதினால் எடுபடாது. இடிக்காமல் என்ன செய்யலாம் என்றும் எழுதுங்கள். 1986 என்ற ஒரே ஆண்டில் மூன்று பெரிய இடங்கள் ஓய்ந்தன: இங்கிலாந்தின் சால்ட்டேர் ஆலை, ஜெர்மனியின் ஸோல்ஃபெரைன் நிலக்கரிச் சுரங்கம், ஃபோல்க்லிங்கன் இரும்பாலை. மூன்றுமே இன்றும் நிற்கின்றன. சால்ட்டேரை மறு ஆண்டே ஒருவர் வாங்கி ஓவியக்கூடம் திறந்தார். பிறகு கடைகளும் அலுவலகங்களும் வந்தன. நூற்பாலைக்கென்று ஒரு வசதி உண்டு. உயரமான தளங்கள், பெரிய ஜன்னல்கள், இயந்திர எடைக்காகப் போட்ட தாங்குதிறன். பட்டறையோ பள்ளியோ குடியிருப்போ, எதுவும் உள்ளே அடங்கும். பொறியாளர் ஒருவரைக் கொண்டு தளங்களின் உறுதியைச் சோதித்து அறிக்கை வாங்குங்கள். “ஆபத்தான கட்டடம்” என்பதுதான் எதிர்த்தரப்பின் முதல் வாதமாக இருக்கும். கூடவே ஆலை மண்ணில் ஈயம், ஆர்செனிக், கூரைகளில் கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) இருக்கிறதா என்ற சோதனையையும் கேளுங்கள். குழந்தைகள் விளையாடப்போகும் இடம் என்றால் இதில் சமரசமே கூடாது.

ஆலை பிழைத்துத் தெரு போன கதையும் உண்டு. அமெரிக்காவின் லோவெல் நகரத்தின் ஆலைகளும் கால்வாய்களும் 1978-ல் தேசிய வரலாற்றுப் பூங்காவாயின. அதற்கு முன்பே, 1960-களில், பிரெஞ்சு கனடியத் தொழிலாளர்கள் வாழ்ந்த ‘லிட்டில் கனடா’ குடியிருப்பை நகரப் புதுப்பிப்பு என்ற பெயரில் தரைமட்டமாக்கியிருந்தார்கள். ஆலையை இன்று போய்ப் பார்க்கலாம். அதற்குள் வேலை பார்த்தவர்களின் அந்தத் தெருக்களைப் பார்க்க முடியாது.

அதனால்தான் பூட்டிய வீடுகளைப் பற்றி நீங்கள் ஒரு வரியில் எழுதியது என்னை உறுத்துகிறது. வரிசை வீட்டில் இரண்டு குடும்பத்துக்கு ஒரே சுவர். பக்கத்து வீட்டுக் கூரை ஓடு ஒன்று நழுவினால் நனைவது உங்கள் சுவர்; உங்கள் ஓதத்தில் பாதி அங்கிருந்தே வரலாம். நாற்பது வீட்டுக்கும் ஒரு நோட்டுப் போடுங்கள். கதவு எண், யார் இருக்கிறார்கள், கூரை நிலை, குழாய் நிலை, முகப்பின் ஒரு புகைப்படம். மனுவோடு இணைக்க இதைவிட நல்ல ஆவணம் கிடையாது. பூட்டிய பத்து வீட்டுக்கும் சாவி யாரிடம் இருக்கிறது என்று விசாரித்து, மழைக்கு முன் ஒருமுறையாவது திறந்து, தண்ணீர்ப் பாதைகளில் அடைத்திருக்கும் இலை தழையை அள்ளிப் போடச் சொல்லுங்கள். ஆள் வராவிட்டால் சாவியை வாங்கி நீங்களே செய்யுங்கள்.